ஆள் இல்லையா, வேலை இல்லையா? கண்மாய்க்கரை ஊர்களின் கூலி நாள் கணக்கு

பட்டாக்காரன், தேவகோட்டை பக்கம் | 15-09-2024

மூணு ஏக்கர், கண்மாய்ப் பாசனம். விதைக்கிற நேரம் வந்தாச்சு, வரப்பு வெட்ட ஆள் இல்லை. கேட்டா நூறு நாள் வேலைக்குப் போறோம்ங்கிறாங்க. ஆம்பளை ஆளுக்கு 600, பொம்பளை ஆளுக்கு 300, டீ வடை தனி. ரேஷன் அரிசி இலவசம். அப்புறமும் பேப்பர்ல விவசாயக் கூலிகளின் அவலம்னு எழுதுறாங்க. என்ன அவலம்? விவரம் தெரிஞ்சவங்க சொல்லுங்க.

வரத்துக்கால் | 15-09-2024

ஒரு நாள் கூலியை மட்டும் பார்த்தா நீங்க சொல்றது சரிதான். வருஷத்துக்கு எத்தனை நாள் கூலின்னு பாருங்க, கணக்கு வேற மாதிரி வரும்.

நம்ம பக்கம் ஒரு போகம். அதுவும் மழை பெய்து கண்மாய் நிறைஞ்சாத்தான். மாட்டு ஏர் இருந்தப்ப ஒரு ஏக்கர் நெல்லுக்கு உழவு நாலு சால், சாலுக்கு ரெண்டு ஏர்னு எட்டு ஆள். வரப்பு வெட்ட, அண்டை கழிக்க மூணு. விதைப்பு ஒண்ணு. களை ரெண்டு தடவை, கூட்டிப் பார்த்தா இருபதுக்குக் குறையாது. அறுப்பு பத்து பன்னிரண்டு. கட்டு தூக்க, அடிக்க, தூற்ற இன்னொரு எட்டு. ஆக ஐம்பதை ஒட்டி வரும்.

இப்ப டிராக்டர் ரெண்டு மணி நேரம், மூணு மணி நேரம் ஓட்டுது. வரப்புக்கு ரெண்டு மூணு ஆள், விதைக்க ஒண்ணு, களைக்கொல்லி அடிக்க ஒண்ணு, மிச்சக் களை பறிக்க அஞ்சாறு பொம்பளை ஆள், உரம் வீச ஒண்ணு ரெண்டு. அறுவடைக்கு மூலை அறுத்து விட, சாக்குப் பிடிக்க ரெண்டு பேர். பதினைஞ்சுக்குள்ள முடிஞ்சிடும்.

200 ஏக்கர் ஆயக்கட்டு (கண்மாய்த் தண்ணி பாயுற நிலம்), 150 கூலிக்காரங்க இருக்கிற ஊர்னு வச்சுக்குங்க. அப்ப 10,000 ஆள் நாள், தலைக்கு 66. இப்ப 3,000, தலைக்கு 20. 300 ரூபாய்னு பெருக்கினா வருஷத்துக்கு 6,000. உங்க ஊர் ஆயக்கட்டையும் ஆளையும் இதே மாதிரி போட்டுப் பாருங்க.

பட்டாக்காரன் | 15-09-2024

இருபது நாள்தான் வேலைன்னா எனக்கு ஏன் ஆள் கிடைக்கல?

வரத்துக்கால் | 16-09-2024

அந்த இருபது நாளும் எல்லாருக்கும் ஒரே நேரத்துல வருது, அதான். இங்க வேலைக்குத் தேதி வைக்கிறது மழை. ஒரு நல்ல மழை பெய்தா ஊரே மறுநாள் உழவு ஓட்டும், ஊரே விதைக்கும். அதனால ஊர் முழுக்க ஒரே நேரத்துல களை முத்தும். 3,000 ஆள் நாள்ல பாதி கார்த்திகையில பத்துப் பதினைஞ்சு நாளுக்குள்ள வேணும். அந்தப் பத்து நாள்ல ஆள் பஞ்சம். மாசியிலிருந்து ஆவணி வரைக்கும் வேலைப் பஞ்சம். நீங்க பார்க்கிறது முதலாவதை, அவங்க வாழ்றது ரெண்டாவதுல.

மம்பட்டி | 16-09-2024

வரத்துக்கால் அண்ணே, ஒண்ணு விட்டுட்டீங்க. அந்த ஐம்பது ஆள்ல எல்லாமே காசுக்கூலி இல்லை. உழவுல பாதி சொந்த ஆள், மீதி மாத்து ஆள். இன்னைக்கு உன் வயலுக்கு நான், நாளைக்கு என் வயலுக்கு நீ. அறுப்புக்கு நெல்லாத்தான் அளந்தாங்க. நிலமே இல்லாத குடும்பத்துக்கு அப்பவும் 66 நாள் வந்திருக்காது.

வரத்துக்கால் | 18-09-2024

மம்பட்டி சொல்றது சரி, 66-ல கொஞ்சம் கழிச்சுக்குங்க. ஆனா மாத்து ஆள் முறை நிலம் இருக்கிறவனுக்குள்ளதான் ஓடுச்சு. நிலமில்லாதவங்களுக்கு வந்தது களையும் அறுப்பும். மிஷினும் மருந்தும் தின்னது சரியா அந்த ரெண்டையும்தான்.

நெல்லா அளந்ததுலயும் ஒரு வித்தியாசம் இருக்கு. களத்துல வாங்கின நெல்லை வீட்டுல அவிச்சுக் குத்தி வச்சா ரெண்டு மூணு மாசச் சோறு கையில இருக்கும். நெல்லு விலை ஏறினாலும் இறங்கினாலும் அந்தக் கூலி சோறுதான். இப்ப அந்த இடத்தை ரேஷன் அரிசி பிடிச்சிருக்கு, அதுக்கு மறுப்பில்லை. முன்னுரிமை அட்டைக்கு ஆள் எண்ணிக்கைப்படி, நாலு பேர்னா 20 கிலோ, அந்தியோதயா அட்டைக்கு 35 கிலோ. நாலு பெரிய ஆள் வயல் வேலை பார்க்கிற வீட்டுல 20 கிலோ பதினைஞ்சு நாள் தாண்டாது. உழைக்கிற ஆள் தின்கிற சோறு வேற அளவு.

புதுவயல் அரவை | 18-09-2024

ரேஷன் புழுங்கலை மாவுக்கும், மாட்டுக்குக் கஞ்சிக்கும் ஓட்டிட்டு, வெளியில கிலோ 50-க்கு வாங்கித் தின்கிற வீடும் இருக்கு. அதையும் சொல்லணும்ல.

வரத்துக்கால் | 18-09-2024

இருக்கு. அந்த மாட்டை வளர்க்கிறதே அந்த வீட்டு அக்காதான். அதுவும் உழைப்புக் கணக்குல வரணும்.

வரத்துக்கால் | 02-10-2024

புழுதி விதைப்பு பத்தித் தனியாச் சொல்றேன். கூலிக்காரங்க நாள் இதுலதான் தொங்குது.

கோடை மழையில ஒரு உழவு, ஆடி ஆவணியில ரெண்டு உழவு, கட்டி உடைஞ்சு புழுதியானதும் காய்ஞ்ச நிலத்துலயே விதை வீசுறது. வேளாண் துறை சொல்ற அளவு ஏக்கருக்கு 30 கிலோ. ஊர்ல 40-க்குக் குறைச்சு யாரும் போடறதில்லை. எறும்புக்கு, மயிலுக்கு, அணிலுக்குன்னு சேர்த்துத்தான் வீசுவாங்க. ரகம் அவரவர் பழக்கம். பரமக்குடி ஆராய்ச்சி நிலையத்துல 2009-ல வந்த அண்ணா 4 இந்த வறட்சிக்குன்னே வந்தது, 100-105 நாள்.

விதையைக் கடினப்படுத்திட்டு வீசினா மழை ஒரு வாரம் தள்ளினாலும் தாங்கும். 30 லிட்டர் தண்ணீர்ல 300 கிராம் பொட்டாசியம் குளோரைடு, 30 கிலோ விதை, 16 மணி நேரம் ஊறணும். அப்புறம் நிழல்ல பழைய ஈரப்பதத்துக்கு வர்ற வரைக்கும் காய வைக்கணும். வெயில்ல போட்டா கெட்டுச்சு. ஊறப்போட்டு ராத்திரி மறந்து மறுநாள் மத்தியானம் எடுத்தா முளை கட்டிடும், அது புழுதிக்கு ஆகாது.

பெரிய வில்லங்கம் அரைகுறை மழைதான். ஒரு சின்ன மழையில முளைச்சு, அப்புறம் பதினைஞ்சு நாள் வெயில் காய்ஞ்சா வயல் போச்சு. நிலக்காரருக்கு விதை நட்டம், மறு விதைப்பு. கூலிக்காரங்களுக்கு அந்த வயல்ல வர வேண்டிய களை, அறுப்பு எல்லாம் நட்டம். பயிர்க் காப்பீடு பட்டா எண்ணுக்கு வரும், வறட்சி நிவாரணம் ஏக்கருக்கு வரும். போன ஆள் நாளுக்குன்னு ஒரு பத்தி எந்தப் படிவத்துலயும் கிடையாது. இந்த ஒரு விஷயத்தைத்தான் நான் அவலம்னு சொல்வேன், பட்டாக்காரன் ஐயா. மத்ததெல்லாம் கஷ்டம்.

மம்பட்டி | 03-10-2024

மயிலை விட்டுட்டீங்க. விதைச்ச அன்னைக்கே வந்து உட்காரும். விடியற்காலையும் சாயங்காலமும் ஆள் நின்னு விரட்டணும். கல்லால அடிச்சா வனத்துறை கேஸ், தேசியப் பறவை. பன்னி வராம இருக்க வயலைச் சுத்திப் பழைய சேலையைக் கட்டுறாங்க. பன்னி அதுல ரெண்டு நாள் பயப்படும், மூணாம் நாள் புதுச் சேலை கேக்கும்.

வரத்துக்கால் | 24-10-2024

களை. இதுல கொஞ்சம் நிக்கணும்.

மழை விழுந்து மூணு நாளைக்குள்ள, நிலத்துல ஈரம் இருக்கிறப்ப பெண்டிமெத்தலின்கிற களைக்கொல்லியை அடிக்கணும், ஏக்கருக்கு 1.3 லிட்டர். காய்ஞ்ச மண்ணுல அடிச்சா காசு மட்டும்தான் போகும். அதுல தப்பினதுக்கு, களை மூணு நாலு இலையில இருக்கும்போது பிஸ்பைரிபேக் சோடியம் ஏக்கருக்கு 80-100 மில்லி, தண்ணீரை வடிச்சிட்டு அடிக்கணும். 16 லிட்டர் டேங்க்ல பத்துப் பன்னிரண்டு டேங்க் ஆகும். டேங்கும் தண்ணீரும் சேர்ந்து முதுகுல 20 கிலோ, சேத்துல கால் புதையப் புதைய நடை. மருந்தடிக்கிறவருக்கு டேங்க் கணக்குல கூலி. அதனால வேகமா முடிக்கப் பார்ப்பாரு. காத்து எதிர்ல வந்தாலும் நிறுத்த மாட்டாரு. கையுறை, முகத்துணி கடையில இருக்கு, வயல்ல இருக்காது.

இதையும் தாண்டி நிக்கிற குதிரைவாலிப் புல்லைக் கையாலதான் எடுக்கணும். இளசுல அது நெல்லு மாதிரியே இருக்கும். புதுசா வர்ற ஆள் நெல்லையும் சேர்த்துப் பிடுங்கிடுவாங்க. பழகின கை இலையை லேசா விரிச்சு, இலை தண்டுல சேர்ற கணுவைப் பார்க்கும். நெல்லுல அந்த இடத்துல வெள்ளையா ஒரு சவ்வு நாக்கு மாதிரி நீட்டிக்கிட்டு இருக்கும், ரெண்டு பக்கமும் மயிர் மாதிரி கொக்கி இருக்கும். புல்லுல ரெண்டும் இருக்காது, வழுவழுன்னு இருக்கும். நாலு விரலும் பெருவிரலும் குத்தடியில இறங்கி வேரோட திருகி இழுக்கணும். மேலால கிள்ளினா ஒரு வாரத்துல ரெண்டாக் கிளைச்சு வரும். கோரை இன்னும் மோசம். கிழங்கு மண்ணுல தங்கிட்டா மறுபடியும் அதே இடம்.

காலை எட்டரை ஒம்பதுக்கு இறங்கினா ஒண்ணரை ரெண்டு வரைக்கும் குனிஞ்ச முதுகு நிமிராது. ஆம்பளை முழுக்கைச் சட்டையைச் சேலைக்கு மேல போட்டுக்கிறது அழகுக்கு இல்லை, நெல் தாள் முழங்கையை அறுக்கும். வர்றவங்கள்ல பாதிப் பேர் ஐம்பது வயசு தாண்டினவங்க. இளவட்டம் ஜவுளிக்கடைக்கும், காரைக்குடிக்குக் கட்டட வேலைக்கும் போயாச்சு.

செறிவா முளைச்ச இடத்துல பிடுங்கி, பொக்கையான இடத்துல ஊன்றுறதும் இதே கூலிக்குள்ளதான். அதுக்குத் தனியா யாரும் கொடுக்கிறதில்லை.

பட்டாக்காரன் | 25-10-2024

வேலை நேரம் ஒம்பது டு ரெண்டுதானே. அஞ்சு மணி நேரம். முன்ன பொழுதுக்கும் நின்னாங்க.

வரத்துக்கால் | 25-10-2024

முன்ன பொழுதுக்கும் நின்ன வேலையை இப்ப அஞ்சு மணி நேரத்துல எடுக்கிறாங்க. விடியற்காலை நாலரைக்கு எந்திரிச்சு தண்ணி பிடிச்சு, சமைச்சு, மாடு கட்டி வர்றதையும், ரெண்டு மணிக்கு மேல விறகும் புல்லும் தேடுறதையும் சேர்த்துப் பாருங்க. அப்புறம் அந்த 600, 300? ஒரே வேலைக்கு ஒரே கூலின்னு 1976-லேயே சட்டம் வந்தாச்சு. களையை ஆம்பளை வேலைன்னு யாரும் சொல்லாததால அது ஒரே வேலை ஆகவே இல்லை. கெட்டிக்காரத்தனம்தான்.

மம்பட்டி | 25-10-2024

வடையைக் கணக்குல சேர்த்த பட்டாக்காரன் ஐயாவுக்கு நன்றி. எந்தக் கடை வடைன்னும் சொல்லிடுங்க.

செவிலி | 11-11-2024

உடம்பு பக்கம் நான் சொல்றேன். அரசு ஆஸ்பத்திரிக்கு இந்த மாசங்கள்ல வர்றதுல நாலு விஷயம் முக்கியம்.

சேத்துப்புண். கால் விரல் இடுக்கு வெந்து வெள்ளையா உரிஞ்சு பிளக்கும். வேப்பெண்ணெயும் மஞ்சளும் பழைய கை வைத்தியம். புண்ணு ஆறாம இருந்தாலோ வீங்கினாலோ வந்துடணும். சர்க்கரை இருக்கிறவங்க அன்னைக்கே வரணும். பலருக்குச் சர்க்கரை இருக்கிறதே இந்தப் புண்ணுக்கு வர்றப்பத்தான் தெரியுது.

எலிக்காய்ச்சல். எலி மூத்திரம் கலந்த தண்ணி அந்தப் புண்ணு வழியா ஏறும். காய்ச்சல், கண் சிவப்பு, கெண்டைக்கால் வலி. கெண்டைக்கால் வலிதான் ஏமாத்துறது. களை எடுத்த வலின்னு மாத்திரை வாங்கிப் போட்டுக்கிட்டு இருப்பாங்க, மஞ்சள் தட்டினப்புறம் வருவாங்க.

உண்ணிக்காய்ச்சல். கருவைக் காட்டுக்கு விறகு பொறுக்கப் போறவங்களுக்கு வரும். பீடி சுட்ட மாதிரி ஒரு கருப்பு வடு, இடுப்பு மடிப்புலயோ அக்குள்லயோ மார்புக்குக் கீழயோ இருக்கும். வலிக்காது, அதனால யாரும் காட்ட மாட்டாங்க. டாக்டர்கிட்ட நீங்களே சொல்லணும். கண்டுபிடிச்சா வைத்தியம் லேசு.

நாலாவது, வெளியில பேசாதது. வயல்ல மறைவு கிடையாது. அதனால காலையிலிருந்து மத்தியானம் வரைக்கும் தண்ணியே குடிக்காம இருக்காங்க. நீர்க்கடுப்பு, நீர்த்தாரைத் தொற்று. மாத்திரை தர்றோம், அடுத்த மாசம் அதே அக்கா திரும்ப வர்றாங்க.

வரத்துக்கால் | 11-11-2024

பாம்பையும் சொல்லிடுங்க அக்கா.

செவிலி | 12-11-2024

வயல்ல கண்ணாடி விரியன், சரளைக் காட்டுல சுருட்டை, வீட்டுல ராத்திரி கட்டுவிரியன். நல்ல பாம்பு எங்கயும். நாலுக்கும் ஒரே விஷமுறிவு மருந்துதான், அதனால பாம்பை அடிச்சுத் தூக்கிட்டு வர வேண்டாம். கயிறு கட்டாதீங்க, கீறாதீங்க, வாயால உறிஞ்சாதீங்க. மெட்டி, கொலுசு, வளையல் முதல்ல கழட்டுங்க. கால் வீங்கினப்புறம் மெட்டியை வெட்டி எடுக்க வேண்டி வரும். கடிபட்ட காலை ஆட்டாம ஒரு குச்சி வச்சுத் துணியால சுத்தி, நடக்க விடாம 108-ஐக் கூப்பிடுங்க. வந்ததும் கண்ணாடிக் குழாய்ல கொஞ்சம் ரத்தம் எடுத்து 20 நிமிஷம் ஆடாம வைப்போம். உறையலைன்னா கண்ணாடி விரியன் இல்லைன்னா சுருட்டை விஷம் ஏறியிருக்கு. உறைஞ்சா உடனே அனுப்பிட மாட்டோம், ஒரு நாள் இருக்கச் சொல்வோம். கூலி போகுதுன்னு ராத்திரியே கிளம்பாதீங்க.

கட்டுவிரியன் கடிச்சா வலி இருக்காது, தடம்கூடத் தெரியாது. தரையில படுத்து விடியக்காலையில வயித்து வலி, இமை தூக்க முடியலைன்னு வந்தா அதைத்தான் முதல்ல நினைப்போம். கட்டில், இல்லைன்னா ஓரம் செருகின கொசுவலை.

பட்டாக்காரன் | 12-11-2024

அக்கா, மருந்தடிச்ச ஆள் மயங்கினா?

செவிலி | 12-11-2024

வேர்த்து ஊத்தும், எச்சில் வழியும், கண்மணி ஊசி முனையளவு சுருங்கும். பூச்சி மருந்து விஷம். சட்டையைக் கழட்டி சோப்புத் தண்ணியால கழுவிட்டுக் கூட்டி வாங்க. மருந்து டப்பாவை மறக்காம எடுத்து வாங்க, லேபிள்ல என்ன மருந்துன்னு பார்த்துத்தான் முறிவு மருந்து. மோர் குடிக்கக் கொடுக்காதீங்க, மயக்கத்துல புரையேறிடும்.

வரத்துக்கால் | 29-11-2024

நூறு நாள் வேலை ஆளைக் கெடுத்துடுச்சுங்கிற பேச்சுக்கு வர்றேன். இந்தத் திட்டம் 2006 பிப்ரவரியில தொடங்கினப்ப தமிழ்நாட்டுல எடுத்த ஆறு மாவட்டத்துல சிவகங்கையும் ஒண்ணு. அதனால நம்ம பக்கம் இந்தப் பேச்சுக்கும் அதே வயசு.

2024-25-க்கு அறிவிச்ச கூலி 319. அறிவிச்ச கூலிதான், வாங்குற கூலி வேற. நீளம், அகலம், ஆழம் அளந்து, எத்தனை கன மீட்டர் மண் எடுத்தீங்கன்னு பார்த்துத்தான் போடுவாங்க. குழுவா அளக்கிறதால நாலு பேர் எடுத்த பள்ளத்துல வயசான ரெண்டு பேர் குறைச்சு எடுத்தா எல்லாருக்கும் குறையும். நம்ம மண் செம்புறாங்கல்லும் சரளையும். சித்திரையில மம்பட்டி போட்டா நெருப்பு பறக்கும், கடப்பாரையால பேத்துத்தான் எடுக்கணும். கண்மாய்க்குத் தண்ணி வர்ற அதே வாய்க்காலை மழைக்கு அப்புறம் வெட்டினா ரெண்டு மடங்கு மண் வரும். மழைக்கு அப்புறம் வயல் வேலை இருக்கு, திட்ட வேலை கோடையில வருது. அதனால வயல்ல இருந்து ஆளை இழுக்குதுங்கிறது பாதிதான் நிஜம்.

2023 ஜனவரியிலிருந்து வருகைப் பதிவு செல்போன் ஆப்ல, காலையில ஒரு போட்டோ, மத்தியானம் ஒரு போட்டோ. முன்ன குறிச்ச அளவை முடிச்சா வீட்டுக்குப் போகலாம். இப்ப வேலை முடிஞ்சாலும் ரெண்டாவது போட்டோவுக்கு உட்காரணும். கண்மாய்க்குள்ள டவர் வராது. பணித்தளப் பொறுப்பாளர் கரைமேல ஏறி, போனைத் தூக்கிப் பிடிச்சு நிப்பாரு. அன்னைக்கு ஏறலைன்னா அன்னைக்கு ஆள் இல்லை.

மம்பட்டி | 29-11-2024

போட்டோவுல ஆளும் தெரியணும், மம்பட்டியும் தெரியணும், டவரும் வரணும். பொண்ணு பார்க்கிற போட்டோவுக்குக்கூட இவ்வளவு மெனக்கெடல.

புதுவயல் அரவை | 30-11-2024

மரத்தடியில உட்கார்ந்திருக்கிறதையும் எழுதுங்க.

வரத்துக்கால் | 30-11-2024

உட்கார்ந்திருக்கிறாங்கதான். அறுபது தாண்டின, புருஷன் இல்லாத அக்காமாருக்கு இது பாதி வேலை, பாதி ஓய்வூதியம். ஓய்வூதியம் 2024-ல மாசம் 1,200, அதுவும் வயசுச் சான்று சரியா இருந்தா. இங்க இந்த வேலைக்கு வர்றதுல பத்துக்கு எட்டுக்கு மேல பெண்கள். களை எடுக்க 300-க்கும், உட்கார்ந்து எந்திரிக்க ஏறக்குறைய அதே கூலிக்கும் நடுவுல எதை எடுப்பீங்க? களைக்கு 450 கொடுத்துப் பாருங்க, மரத்தடி காலியாயிடும். நெல்லு விலைக்கு 450 கட்டாதுன்னு நீங்க சொல்வீங்க. அதுவும் நிஜம். மூணு ஏக்கர்காரரும் முன்னூறு ரூபாய்க்காரரும் ஒரே மூட்டையிலதான் கை வைக்கிறாங்க, மூட்டை சின்னது.

பட்டாக்காரன் | 30-11-2024

இதை ஒத்துக்கிறேன். போன போகத்துல களைக்கொல்லி, டிராக்டர், உரம் போக எனக்கு நின்னது சொல்லிக்கிற மாதிரி இல்லை.

வரத்துக்கால் | 19-01-2025

அறுவடை தொடங்கியாச்சு. பெல்ட் வண்டி ஆத்தூர், சேலம் பக்கத்துல இருந்து வந்து ரோட்டோரம் நிக்குது. நல்ல வயல்ல ஏக்கருக்கு ஒரு மணி, ஒண்ணேகால் மணி. சாய்ஞ்ச பயிர்னா ரெண்டாகும், மணிக்கணக்கு வாடகையில இடிக்கும். ஈரம் இருந்தா டயர் வண்டி இறங்காது.

வண்டி வந்ததுல கூலிக்காரங்க வீட்டுக்கு ரெண்டு இழப்பு. ஒண்ணு அறுப்புக் கூலி, அது எல்லாருக்கும் தெரியும். ரெண்டாவது வைக்கோல். கையறுப்புல அடியோட அறுத்து நீளத் தாளா வரும். அறுத்தவங்க மாட்டுக்கு ரெண்டு கட்டு கேட்டு வாங்கிப்பாங்க. வண்டி முழ உயரத்துல அறுத்து நொறுக்கிப் போடுது. அதை உருட்டுற மிஷின் வந்து உருளையாக்கி லாரியில ஏத்திட்டுப் போகுது. ஒரு மாடு வச்சிருக்கிற வீடு இப்ப அந்த உருளையைக் காசு கொடுத்து வாங்கணும். மாட்டை வித்துடுறாங்க. அப்புறம் பாலும் இல்லை, சாணியும் இல்லை.

வரப்போரம், மூலை, வண்டி திரும்ப முடியாத துண்டு வயல், இதுலதான் பன்னருவாளுக்கு இன்னும் வேலை இருக்கு. அதுல பல் மழுங்கிடுச்சுன்னா சாணை பிடிக்கக் கூடாது. கொல்லன் கிட்டக் கொடுத்து பல் வெட்டணும். பல் வெட்டத் தெரிஞ்ச பட்டறை குறைஞ்சுபோச்சு. திருப்பாச்சேத்தியில அடிக்கிறது பெரும்பாலும் வீச்சருவா.

மம்பட்டி | 20-01-2025

நம்ம ஊர் மூணு ஏக்கரும் ஏழு துண்டு. வண்டிக்காரர் திருப்பவே டீசல் போதாதுங்கிறாரு. துண்டு வயல் வாழ்க.

வரத்துக்கால் | 16-02-2025

அறுப்பு முடிஞ்சா என்ன பண்றாங்கன்னு தனியா ஒருத்தர் கேட்டிருந்தார். கரி மூட்டம்.

கண்மாய்க்குள்ள, தரிசுல நிக்கிற சீமைக்கருவையைக் குத்தகை எடுத்தவர் குடும்பத்தோட ஆளை இறக்குவாரு. கையில முன்பணம் கொடுத்திருப்பாரு, வேலை முடியுற வரைக்கும் அதைக் கழிச்சுக்கிட்டே இருப்பாரு. வெட்டு மரத்தைக் கனம் வாரியாப் பிரிச்சுப் பத்துப் பதினைஞ்சு நாள் காய விடணும். நடுவுல ஒரு கம்பை நட்டு, அதைச் சுத்திக் கனமானதை உள்ளயும் மெலிசை வெளியிலயும் சாத்தி, இடைவெளியில சுள்ளியைச் செருகணும். மேல வைக்கோலோ ஓலையோ பரப்பி, அதுக்கு மேல நாலு விரக்கடைக்கு ஈர மண் பூசணும். நடுக்கம்பை உருவிட்டு அந்தத் துளை வழியா நெருப்புப் போட்டு, அடியில சுத்திக் காத்துத் துளை விடணும்.

அப்புறம்தான் வேலை. வேகுறதுக்கு மூட்டத்தோட அளவைப் பொறுத்து அஞ்சு நாள், எட்டு நாள். முதல்ல கெட்டியா வெள்ளைப் புகை வரும், அது ஈரம் போறது. மெலிஞ்சு நீலம் தட்டினா அந்தப் பக்கம் வெந்துடுச்சு, அந்தத் துளையை அடைக்கணும். ராத்திரியில எங்கயாவது மண் விரிசல் விட்டுக் காத்துப் புகுந்தா அந்தப் பக்கம் முழுக்கச் சாம்பல். அதனால புருஷனும் பொண்டாட்டியும் முறை வச்சு முழிச்சிருந்து ஈர மண் அப்புவாங்க. அடைக்க மேல ஏறுறப்ப உள்ள வெந்து குழிஞ்ச இடத்துல கால் போயிடும், முழங்கால் வரைக்கும் தணல். ஏறுறதுன்னா குறுக்கே பலகை போட்டுத்தான் ஏறணும்.

நாலு டன் விறகுக்கு ஒரு டன் கரி வந்தா நல்ல மூட்டம். ஆற விடாம அவசரத்துல பிரிச்சா காத்துப் பட்டுத் திரும்பப் பத்திக்கும், சாக்கோட போகும். மூட்டை எடை போடுறப்பத் தூள் கழிவு, ஈரக் கழிவுன்னு வேற குறைப்பாங்க.

முள்ளு தனிக்கதை. கருவை முள் ரப்பர் செருப்பைத் துளைச்சு ஏறும், உள்ள முனை ஒடிஞ்சு நின்னுடும். டயர் செருப்புதான் தாங்கும். ஒடிஞ்ச முனையை ஊக்கால தோண்டுறதை விட்டுட்டு டி.டி. ஊசியோட எடுத்துக்கிறது நல்லது. சீழ் வச்சா பதினைஞ்சு நாள் கூலி போச்சு.

செவிலி | 16-02-2025

சட்டையில தீப்பிடிச்சவங்களை ஈரச் சாக்குல உருட்டி அணைங்க, மை, பற்பசை எதுவும் தடவாதீங்க. சுட்ட இடத்தை ஓடுற தண்ணியில இருபது நிமிஷம் காட்டுங்க.

வரத்துக்கால் | 09-03-2025

மாசி, பங்குனியில வேற என்னன்னா, தைல மரம் பட்டை உரிப்பு. வெட்டின அன்னைக்கோ மறுநாளோ உரிச்சா பட்டை நீளமாக் கழண்டு வரும், காய விட்டா ஒட்டிக்கிட்டு ரெண்டு மடங்கு நேரம் வாங்கும். டன் கணக்குல கூலி, அதனால வெட்டுறவர் பின்னாலேயே ஓடணும். கடலை போட்ட மேட்டு நிலத்துல பிடுங்கவும் ஆயவும் வேலை இருக்கும், படிக்கணக்குல காசு. முகூர்த்த மாசத்துல செட்டிநாட்டுப் பெரிய வீடுகள் திறக்கிறப்ப கூட்டிப் பெருக்க, பாத்திரம் கழுவ, காய் நறுக்க ஆள் கேப்பாங்க. ஒரு நாள் களைக் கூலியை விட நல்லாவே வரும், ராத்திரி பன்னிரண்டு மணி வரைக்கும் நிக்கணும். பழைய வீடு பிரிக்கிற வேலையும் உண்டு. தேக்கு உத்திரம் இறக்குறப்ப சுவர் சேர்ந்து வரும். தூக்குறவருக்கு இன்சூரன்ஸ் இல்லை.

இதுக்கெல்லாம் நடுவுல ஓடுறது குழுக் கடன். வேலை மழைக்கு வருது, தவணை செவ்வாய்க்கிழமைக்கு வருது. மார்கழியில கட்டுற அதே தொகையைத்தான் வைகாசியிலும் கட்டணும். தவணையைத் தவற விட்டவங்களுக்காக மத்தவங்க கட்ட வேண்டிய கூட்டுப் பொறுப்பு. அதனால ஒரு கடனுக்குத் தவணை கட்ட இன்னொரு கடன். கூலி நாளை வச்சு தவணை போடுற ஏற்பாடு இருந்தா இதுல பாதி நெருக்கடி வராது. பால் சங்கத்துலயும் கரும்பு ஆலையிலயும் சரக்கு போடுறப்பப் பிடிச்சிக்கிறாங்க, இங்க மட்டும் ஏன் முடியாது?

புதுவயல் அரவை | 10-03-2025

செவ்வாய்க்கிழமை காலையில எங்க மில்லுல முன்பணம் கேட்டு நாலு பேராவது நிப்பாங்க. இப்பத்தான் கிழமை புரியுது.

வரத்துக்கால் | 06-04-2025

2025 ஏப்ரல் 1-லிருந்து நூறு நாள் கூலி 336. மேல 319-னு எழுதினது போன நிதியாண்டுக்கு, அப்படியே இருக்கட்டும்.

கூலி வரலை, ஆனா கம்ப்யூட்டர்ல போட்டாச்சுன்னு காட்டுதுன்னு ரெண்டு பேர் எழுதியிருந்தீங்க. 2024 ஜனவரியிலிருந்து பணம் ஆதார் வழியாத்தான் போகுது. எந்தக் கணக்கு கடைசியா ஆதாரோட இணைஞ்சதோ அதுக்குத்தான் விழும். வேலை அட்டையில எழுதியிருக்கிற கணக்குக்கு இல்லை. மகளிர் குழுவுக்காகவோ கேஸ் மானியத்துக்காகவோ இன்னொரு பேங்க்ல கணக்குத் திறந்தப்ப கைரேகை வச்சிருப்பாங்க, பணம் அங்க கிடக்கும். ஆதாரையும் பழைய புத்தகம் எல்லாத்தையும் எடுத்துக்கிட்டுப் போய், என்.பி.சி.ஐ. இணைப்பு (ஆதாருக்கு வர்ற பணம் எந்தக் கணக்குக்குப் போகணும்ங்கிற பதிவு) எந்த பேங்க்ல இருக்குன்னு கேளுங்க. கை வேலை பார்த்து ரேகை தேய்ஞ்சு மிஷின் எடுக்கலைன்னா கண் கருவிழிப் பதிவு உள்ள இடத்துக்குப் போங்க. அதுவும் இல்லைன்னா கிளைக்கே போய் சீட்டு எழுதிப் பணம் எடுங்க, அதுக்கு ரேகை வேண்டாம். ஒவ்வொரு தடவையும் பேங்க் புத்தகத்துல பதிவு போட்டு வாங்குங்க, அப்பத்தான் எந்த வாரத்துக் கூலி வந்துச்சு, எது வரலைன்னு கேக்க முடியும்.